பத்தொன்பது சென்ட் ஸ்டென்சில்: ஸ்டீபன் கிங்கின் பள்ளிக்கூடக் கதைகள்

மார்ச் 4, காலை (ஒரு வாசகரின் கேள்வி)

அமெரிக்கத் திகில் கதை எழுத்தாளர் ஸ்டீபன் கிங் பன்னிரண்டு வயதில் நண்பனோடு சேர்ந்து தானே வெளியிட்ட கதைத் தொகுப்பு ஒன்று உண்டாம். பின்னாளைய கிங் அதிலேயே முழுசாக இருக்கிறார், விளையும் பயிர் முளையிலே என்று என் நண்பர் சாதிக்கிறார். எனக்கு அது ரசிகர்களின் பக்தியாகத்தான் படுகிறது. படித்தவர்கள் சொல்லுங்கள். முளையில் தெரிகிறதா, இல்லையா?

மார்ச் 4, இரவு

தெரிகிறது. ஆனால் ஒரே ஓர் அடைப்புக்குறிக்குள்.

முதலில் தொகுப்பைப் பற்றி. அமெரிக்காவின் மெய்ன் மாநிலத்தில் டர்ஹம் என்கிற சிற்றூர், 1960. கிங்கும் கிறிஸ் செஸ்லி என்ற நண்பனும் சேர்ந்து கொண்டுவந்தது. பெயர் 'பீப்பிள், பிளேசஸ் அண்ட் திங்ஸ்'. ஆட்கள், இடங்கள், பொருள்கள். மொத்தம் பதினெட்டுக் கதைகள், எல்லாம் ஒரு பக்கம்தான். செஸ்லி ஒன்பது, கிங் எட்டு, இருவரும் சேர்ந்து ஒன்று. வெளியிட்டது டிரையட் பதிப்பகம். பதிப்பகம் என்றதும் கட்டடம், மேலாளர் என்றெல்லாம் நினைக்க வேண்டாம், பெயர் மட்டும்தான். 1963-ல் இரண்டாம் அச்சு வேறு கண்டிருக்கிறது. அந்த வயதில் எனக்கு முதல் அச்சே வாய்க்கவில்லை.

1985-ல் தன் பழைய காகிதக் குவியலில் ஒரு பிரதி அகப்பட்டதாகக் கிங் சொன்னார். வேறு பிரதி வெளிப்பட்டதில்லை. அதிலும் அவருடைய இரண்டு கதைகளின் பக்கங்கள் காணோம். நகலின் நகலின் நகல்தான் சேகரிப்பாளர்களிடம் சுற்றுகிறது. எனக்கு ஒரு நண்பர் காட்டியதும் அப்படி ஒரு மங்கல் நகல்தான்.

அதில் கிணற்றடியில் இருக்கும் ஏதோ ஒன்றைப் பற்றிய கதை இருக்கிறது. பையன் பெயர் ஓகில்தோர்ப் கிரேட்டர். ஈயின் இறக்கையைப் பிடுங்குவான். புழு நெளிவதைப் பார்ப்பதற்காக அதை மெல்ல மெல்லப் பிய்ப்பான். உடனே ஓர் அடைப்புக்குறி: புழுவுக்கு வலி தெரியாது என்று கேள்விப்பட்ட பிறகு அதில் ருசி போய்விட்டது.

இந்த ஒரு வரியை நான் நான்கு தடவை படித்தேன். கொடுமை செய்கிறவனின் ஏமாற்றத்தை எவ்வளவு சாதாரணமாகச் சொல்லிவிட்டுப் போகிறான் பாருங்கள். மற்றதெல்லாம் பன்னிரண்டு வயது. அந்த அடைப்புக்குறிக்கு மட்டும் நாற்பது வயது.

மார்ச் 5

நேற்று எழுதியதைக் காலையில் காப்பியோடு படித்தேன். கொஞ்சம் ஆடிவிட்டேன்.

ஒருவர் மந்திரியான பிறகு அவருடைய ஜாதகத்தை எடுத்து, 'பாருங்கள், பத்தாம் இடத்தில் குரு' என்று காட்டுகிற ஜோதிடரின் வேலைதான் நேற்று நான் செய்தது. கிணற்றுக்குள்ளிருந்து ஒரு குரல் பையனை விளையாடக் கூப்பிடுகிறது என்று படித்ததும், 1986-ல் வந்த 'இட்' நாவலின் சாக்கடைக் கோமாளி எனக்கு ஞாபகம் வந்துவிடுகிறான். இன்னொரு கதையில் ஒருவன் வாசலைத் தாண்டுகிறான், மூடுபனி வீட்டை விழுங்கிவிடுகிறது. உடனே 1980-ல் வந்த அவருடைய 'தி மிஸ்ட்' (மூடுபனி) என்று கை தட்டுகிறோம். பனி மெய்ன் மாநிலத்துக்குப் புதிதா? கடலோர மாநிலத்துப் பையன் பனியைப் பற்றி எழுதாமல் பாலைவனப் புழுதியைப் பற்றியா எழுதுவான்? கிணறு எந்தச் சிறுவனைத்தான் எட்டிப் பார்க்க வைக்கவில்லை? எங்கள் தெருவில் ஒரு பாழுங்கிணறு இருந்தது. அதற்குள் என்ன இருக்கிறது என்று ஆளுக்கொரு கதை வைத்திருந்தோம். எங்களில் ஒருவர் எல்.ஐ.சி.யில் ஓய்வு பெற்றார், ஒருவர் ரேஷன் கடை நடத்துகிறார்.

மற்றக் கதைகளையும் சொல்கிறேன், நீங்களே எடை போடுங்கள். தப்பியோடும் இரண்டு குற்றவாளிகள் சாலை முடியுமிடத்தில் உள்ள விடுதியில் இரவு தங்குகிறார்கள். விடிந்தால் அசைய முடியாமல் உயிருள்ள காட்சிப் பொருள்களாகக் கிடக்கிறார்கள். வெள்ளிக் கிரகத்துக்கு ராக்கெட்டில் போகிற இருவர், அந்தக் கிரகமே ஓர் உயிர். தொழிற்சாலை வரிசையில் நின்று தான் எங்கே இருக்கிறோம் என்று விழிக்கிறவன், கடைசியில் பார்த்தால் ரோபோ. பழைய காமிக்ஸ் புரட்டியவர்களுக்கு இவையெல்லாம் பழகிய சரக்கு.

ஒரு வேடிக்கை. விடுதிக் கதையில் வரும் குற்றவாளிகளில் ஒருவன் பெயர் கெல்சோ பிளாக். பிசாசு உயிரை வாங்க வருகிற இன்னொரு கதையிலும் அதே கெல்சோ பிளாக். கதையும் வேறு, முடிவும் வேறு. ஒரு பெயர் பிடித்துப் போனால் அதை விடமாட்டான் போலிருக்கிறது. இதைப் போய் 'கதாபாத்திரங்களின் பிரபஞ்சம்' என்று யாராவது ஆராய்ச்சி செய்வதற்குள் நான் சொல்லிவிடுகிறேன்: பையனுக்கு அந்தப் பெயரின் ஓசை பிடித்திருந்தது. அவ்வளவுதான்.

அடைப்புக்குறியை மட்டும் விட்டுக்கொடுக்க மாட்டேன்.

மார்ச் 6

'ஜெல்லியில் அச்சடித்தார்களாமே, அது என்ன சமையலா?' என்று கேட்டிருக்கிறீர்கள்.

அது கிங்கின் அண்ணன் டேவிட்டின் பத்திரிகை. 'டேவ்ஸ் ராக்', டேவின் கந்தல் என்று வைத்துக்கொள்ளலாம். உள்ளூர்ச் செய்தி, வானிலை, தம்பியின் கதை எல்லாம் அதில் வரும். ஆரம்பத்தில் ஜெல்லித் தட்டில் எடுத்தார்கள். பிரத்தியேக மையால் எழுதிய தாளை ஜெல்லியின் மேல் ஒட்டினால் எழுத்து அதில் இறங்கும். பிறகு வெற்றுத் தாள்களை ஒவ்வொன்றாக வைத்து வைத்து எடுக்க வேண்டும். டேவிட்டுக்குப் பொறுமை போதவில்லை. உருளை சுற்றுகிற இயந்திரம் ஒன்றை வாங்கிவிட்டார். ஸ்டென்சில், நாற்றமடிக்கும் மை, கைப்பிடி. நம் ஊரில் சைக்ளோஸ்டைல் என்றோமே, அந்தச் சாதி.

சைக்ளோஸ்டைல் என்று எழுதியதும் கை அரிக்கிறது. அதைப் பற்றித் தனியாக எழுதுகிறேன், இன்று மின்சாரம் போய்ப் போய் வருகிறது.

மார்ச் 9

நான் ஒரு ஜாப் டைப்பிங் கடையில் எட்டு வருடம் ஸ்டென்சில் வெட்டியவன். இன்றைக்கு அந்தச் சொல்லே பலருக்குப் புரியாது. டைப் அடித்தல் வேறு, ஸ்டென்சில் வெட்டுதல் வேறு.

ரிப்பனை எழுத்து தொடாதபடி விசையைத் தள்ளிவிட வேண்டும். மெழுகு பூசிய நீலத் தாளை எழுத்து நேராகப் போய் அறையும், அறைந்த இடத்தில் மெழுகு விலகும். அந்த வழியாகத்தான் மை கசிந்து தாளில் பதியும். மெல்ல அடித்தால் எழுத்து விழாது. ஓங்கி அடித்தால் ஆங்கில 'ஓ' எழுத்தின் நடுவிலிருக்கும் வட்டம் பெயர்ந்து கீழே விழுந்துவிடும், அச்சில் அது கறுப்புப் பொட்டாக வரும். பத்து வரிக்கு ஒரு தடவை எழுத்துக் கட்டைகளில் அடைத்த மெழுகைப் பல் தேய்க்கும் பிரஷ்ஷால் சுரண்ட வேண்டும். பிழை விழுந்தால் ஒரு சிவப்புத் திரவம் தடவி, ஊதி, காய விட்டு, அதன் மேலேயே மறுபடி அடிக்க வேண்டும். எவ்வளவு ஊதினாலும் அந்த இடம் கடைசியில் காட்டிக்கொடுத்துவிடும். ஆகவே பிழை செய்யாமலிருப்பது மலிவு. வினாத்தாள், சங்கச் சுற்றறிக்கை, கும்பாபிஷேக நோட்டீஸ் என்று எத்தனை வெட்டியிருப்பேன் என்று கணக்கில்லை.

இதை ஏன் இவ்வளவு விரிவாகச் சொல்கிறேன் என்றால், கிங் தன் 'ஆன் ரைட்டிங்' புத்தகத்தில் ஓர் எண் கொடுத்திருக்கிறார். இலக்கிய விமர்சகர்கள் அதைத் தாண்டிப் போய்விடுவார்கள், என்னால் முடியவில்லை. ஒரு ஸ்டென்சிலின் விலை பத்தொன்பது சென்ட்.

விஷயம் இது. எட்கர் ஆலன் போவின் கதையை வைத்து ரோஜர் கார்மன் எடுத்த 'தி பிட் அண்ட் தி பெண்டுலம்' 1961-ல் வந்தது. கிங்கும் செஸ்லியும் பதினான்கு மைல் தள்ளியிருந்த லூயிஸ்டன் நகரின் ரிட்ஸ் தியேட்டருக்குப் போய்ப் பார்த்தார்கள், வழியில் போகிற வண்டியை மறித்து ஏறித்தான். திரும்பி வரும்போதே பையனுக்கு யோசனை வந்துவிட்டது. படத்தைக் கதையாக எழுதி, அண்ணனின் இயந்திரத்தில் சுற்றி, பள்ளிக்கூடத்தில் விற்றால் என்ன?

எட்டுப் பக்கம். இரண்டு வரிக்கு நடுவே இடைவெளி கிடையாது. ஓரம் ஒடுக்கம். பத்தி பிரிப்பதில்கூடக் கஞ்சத்தனம், ஏனென்றால் ஸ்டென்சில் காசு. அட்டைக்கு மட்டும் கை நீண்டு ஒரு முழு ஸ்டென்சிலைச் செலவழித்திருக்கிறான். அதில் ஓர் ஊசல், அதிலிருந்து சொட்டும் கறுப்புத் திட்டுகள். ரத்தம் மாதிரித் தெரியும் என்று நம்பிக்கை. ஸ்டென்சில் ஒன்பது, ஒரு டாலர் எழுபத்தொரு சென்ட். எல்லாம் முடிந்த பிறகுதான் பதிப்பகத்தின் பெயர் போடவில்லை என்று ஞாபகம் வந்ததாம். அரை மணி நேரம் யோசித்து மூலையில் வி.ஐ.பி. புக் என்று அடித்தான். இது நம் ஊரில் கோயிலில் தனி வரிசையில் போகிறவர் இல்லை. மிக முக்கியமான புத்தகம் என்பதன் ஆங்கில முதலெழுத்துகள்.

அட்டைக்கு ஒரு முழு ஸ்டென்சில்! எங்கள் முதலாளியாக இருந்தால் சம்பளத்தில் பிடித்திருப்பார்.

இப்போது முதல் கேள்விக்கு வருகிறேன். 1960 தொகுப்பில் எல்லாக் கதைகளும் ஏன் ஒரு பக்கம்? கடைசி இரண்டு வரியில் ஏன் எல்லாரும் அவசரமாகச் சாகிறார்கள்? தாள் முடிகிறது, அதனால் சாகிறார்கள். ஓகில்தோர்ப் கிணற்றில் இறங்கினான். பிறகு கைகள் பிடுங்கப்பட்டு, கண்ணில் ஊசி செருகப்பட்ட நிலையில் கிடைத்தான். அவன் பிறருக்குச் செய்ததெல்லாம் அவனுக்கு நடந்துவிட்டது. நடுவில் கிணற்றுக்குள் என்ன நடந்தது? அதற்குக் காகிதம் இல்லை. இல்லாததால்தான் பயமாக இருக்கிறது. எழுத்தாளனின் கட்டுப்பாடு என்று நாம் புகழுவதில் பாதி காகிதக் கடைக்காரனுக்குச் சேர வேண்டும்.

மார்ச் 10

'அப்படியானால் அதே காகிதத்தில் ஒன்பது கதை எழுதிய செஸ்லி ஏன் கிங் ஆகவில்லை?' என்று ஒருவர் ஒரே வரியில் கேட்டுவிட்டார்.

நேற்று இரவு மூன்று மணி நேரம் உட்கார்ந்து கட்டிய வீடு. ஒரே வரி.

பதில் இல்லை. யோசித்துவிட்டு வருகிறேன்.

மார்ச் 10, பிற்பகல்

யோசித்து முடியும் வரை வேறொன்று. திருட்டுத்தானே அது, படத்தை அப்படியே எழுதி விற்பது என்கிறீர்கள். திருட்டுத்தான். காப்புரிமை என்ற சொல்லே மண்டையில் இல்லை, எவ்வளவு தேறும் என்ற கணக்கு மட்டும்தான் இருந்தது என்று அவரே ஒப்புக்கொள்கிறார்.

இதற்கு முன்கதை உண்டு. ஆறேழு வயதில் உடம்பு சுகமில்லாமல் படுக்கையில் கிடந்தபோது காமிக்ஸ் கதைகளைப் பார்த்து எழுதிக்கொண்டிருந்தான் பையன். அம்மாவிடம் காட்டினான். அவள் மகிழ்ந்து போனாள். பிறகு இது நீயே யோசித்ததா என்று கேட்டாள். இல்லையென்றதும் அவள் முகத்தில் கொஞ்சம் ஏமாற்றம். நீயே ஒன்று எழுதேன், இதைவிட நன்றாக வரும் என்றாள். வெள்ளை முயல் ஒன்று தன் கூட்டாளிப் பிராணிகளோடு காரில் சுற்றுகிற கதை பிறந்தது. மொத்தம் நான்கு கதை. கதைக்குக் கால் டாலர் வீதம் அம்மாவே கொடுத்தாள். இந்தத் தொழிலில் தான் சம்பாதித்த முதல் டாலர் அது என்கிறார் கிங். கணவன் விட்டுவிட்டுப் போய், கிடைத்த வேலையைச் செய்து இரண்டு பிள்ளைகளை வளர்த்த பெண் நெல்லி ரூத் கிங். அவளுக்கு ஒரு டாலர் சின்னக் காசு இல்லை.

வி.ஐ.பி. புத்தகத்தின் விலையும் அதே கால் டாலர்தான் என்பதைக் கவனித்தீர்களா? தன் கதையின் சந்தை விலை அம்மா நிர்ணயித்தது. முதல் பிரதியை அம்மாவிடம்தான் தள்ள வேண்டும் என்றும் திட்டமிட்டிருந்தான்.

மார்ச் 12

செஸ்லி விஷயம். முன்பு எழுதியதைத் திருத்திக்கொள்கிறேன்.

நான் பக்கங்களுக்குள்ளேயே தேடிக்கொண்டிருந்தேன், அடைப்புக்குறி, காகிதம் என்று. வித்தியாசம் அந்தப் பக்கங்களில் இல்லை என்று இப்போது தோன்றுகிறது. விற்ற பிறகு என்ன நடந்தது என்று பாருங்கள்.

வி.ஐ.பி. புத்தகத்தை நாற்பது பிரதி சுற்றினான் கிங். பத்து போனாலே பெரிது என்று நினைத்தான். மூன்று டஜன் போய்விட்டது. பையில் ஒன்பது டாலர். தலை கால் புரியாமல் நடந்துகொண்டிருக்கிறான், பள்ளி விடும் நேரத்தில் தலைமை ஆசிரியையின் அறைக்குக் கூப்பிட்டார்கள். பள்ளிக்கூடத்தைச் சந்தையாக்கக் கூடாது என்றார் அவர். கையில் ஒரு பிரதியைச் சுருட்டி வைத்திருந்தார், கம்பளத்தில் மூத்திரம் பெய்த நாய்க்குட்டியை அதட்டச் செய்தித்தாளைச் சுருட்டுவார்களே, அந்த மாதிரி. திறமை இருக்கிறதே, ஏன் இந்தக் குப்பையை எழுதுகிறாய் என்று கேட்டார். பையனிடம் பதில் இல்லை. மறுநாள் காசைத் திருப்பிக் கொடுத்தான். பிரதியைத் தரமாட்டேன் என்று அடம்பிடித்தவர்களுக்கும் கொடுத்தான். கணக்கில் நஷ்டம்.

சரி. கோடை விடுமுறை வந்தது. என்ன செய்தான்? சொந்தக் கற்பனையில் நட்சத்திர ஜந்துக்களின் படையெடுப்பு என்று புதிதாக ஒன்று எழுதி, நான்கு டஜன் சுற்றி, நான்கைந்து தவிர எல்லாவற்றையும் விற்றான். பள்ளிக்கூட வாசலுக்கு வெளியே.

அவமானம் போய்விட்டதா என்றால், இல்லை. எழுதுவதைப் பற்றிய வெட்கம் நாற்பது வயது வரை கூடவே வந்தது என்று எழுதியிருக்கிறார். அதற்குள் அவருடைய முதல் நாவல் 'கேரி' வந்து பத்து வருடத்துக்கு மேல் ஆகிவிட்டது, உலகமே வாங்கிப் படித்துக்கொண்டிருந்தது. அந்தச் சுருட்டிய பிரதி மட்டும் மண்டைக்குள் ஓங்கியபடியே இருந்திருக்கிறது.

வெட்கமும் இருக்கிறது, அடுத்த ஸ்டென்சிலும் வாங்குகிறான். இதை நான் அடைப்புக்குறியில் போய்த் தேடினேன்.

மார்ச் 12, இரவு

என் கதை என்ன ஆயிற்று என்று கேட்பீர்கள். கேட்காவிட்டாலும் சொல்வேன்.

பதினான்கு வயதில் நானும் ஒரு பேய்த் தொடர் எழுதினேன். அப்போது ஸ்டென்சில் எனக்கு எட்டாத பொருள். மாமாவின் தட்டச்சு இயந்திரத்தில், தாள், கார்பன், தாள், கார்பன் என்று அடுக்கி ஒரே அடியில் ஐந்து பிரதி. முதல் பிரதி பளிச்சென்று இருக்கும். மூன்றாவதில் எழுத்து பஞ்சு மாதிரி. ஐந்தாவதில் பேய் உண்மையிலேயே பேயாகிவிடும், இருக்கிறதா இல்லையா என்று சொல்ல முடியாது. அந்த ஐந்தாவது பிரதி என் தங்கைக்கு. அவள் விளக்கடியில் வைத்துப் படித்துவிட்டு, எழுத்துத் தெரியாத இடங்களில் சொந்தமாக இட்டு நிரப்பிக்கொண்டாள். அவள் கதையில் அந்தப் பேய் கடைசியில் நல்லதாகிவிட்டது.

ஓர் ஆசிரியர் கையில் முதல் பிரதி அகப்பட்டது. திட்டவில்லை. பத்து வரி படித்துவிட்டு வாய்விட்டுச் சிரித்தார். அன்றோடு நிறுத்திவிட்டேன். அவர்மேல் வருத்தமில்லை, அது சிரிக்க வேண்டிய கதைதான்.

மார்ச் 15

இது பக்க வழி. முக்கியமில்லாவிட்டாலும் எனக்குப் பிடித்தது.

அந்தக் காலத்திலேயே கிங் ஒரு கதையை ஆல்பிரட் ஹிட்ச்காக் பெயரில் வந்த மர்மக் கதை இதழுக்கு அனுப்பினார். நிராகரிப்பு அச்சடித்த சீட்டாக வந்தது. அதில் கையால் ஒரு குறிப்பு மட்டும்: கையெழுத்துப் படியை ஸ்டேப்பிள் அடிக்காதீர்கள், தனித்தனித் தாளாக வைத்துக் கிளிப் போடுங்கள். கதையைப் பற்றி ஒரு சொல்கூட இல்லை. அந்தச் சீட்டைச் சுவரில் ஓர் ஆணியில் குத்தி வைத்தார். பதினான்கு வயதுக்குள் சீட்டுகளின் பாரம் தாங்காமல், அதை எடுத்துவிட்டுப் பெரிய ஆணியாக அடித்தார்.

ஆனால் வி.ஐ.பி. புத்தகத்தின் ஒவ்வொரு பிரதிக்கும் இரண்டு ஸ்டேப்பிள் அடித்திருக்கிறார். கிளிப் எல்லாம் பத்திரிகைக்கு அனுப்புவதற்கு, இது நிஜப் புத்தகம் என்று நினைப்பு. இதைப் படித்தபோது சத்தமாகச் சிரித்துவிட்டேன், வீட்டில் என்னவோ ஏதோ என்று எட்டிப் பார்த்தார்கள்.

தலைப்பிலும் மனுஷன் விட்டுக்கொடுத்ததில்லை. தன் சொந்த இயந்திரத்துக்கு வெளியே, இன்னொருவர் நடத்திய ரசிகர் இதழில் முதலில் வந்த நீண்ட கதைக்கு இவர் வைத்த பெயர் 'நான் ஒரு பதின்வயதுக் கல்லறைத் திருடன்' என்கிற மாதிரி. 'திகிலின் அரை உலகில்' என்று மாற்றிப் போட்டவர்களும் உண்டு. தன் தலைப்புத்தான் உசத்தி என்று ஐம்பது வயதுக்கு மேலும் சொல்லிக்கொண்டிருந்தார். என் ஓட்டும் திருடனுக்கே.

காசு கொடுத்து ஒரு பத்திரிகை வாங்கிய முதல் கதை 1967-ல், முப்பத்தைந்து டாலர். கால் டாலரிலிருந்து கணக்குப் போட்டால் நூற்று நாற்பது முயல் கதை.

மார்ச் 16

நேற்று எழுதிய ரசிகர் இதழ் 1965-ஐ ஒட்டியது. 1960 தொகுப்போடு குழப்பிக்கொள்ள வேண்டாம். நடுவில் 1964-ல் டிரையட் பெயரிலேயே நட்சத்திரப் படையெடுப்பாளர்கள் பற்றி இன்னொரு சிறு புத்தகமும் உண்டு. கோடையில் விற்ற ஜந்துக்களும் இந்தப் படையெடுப்பாளர்களும் ஒன்றா என்று கேட்காதீர்கள். தலைப்பு வேறு, காலமும் வேறு. அந்தப் பையனுக்கு வானத்திலிருந்து யாராவது இறங்கிக்கொண்டே இருக்க வேண்டும்.

மார்ச் 19

இவற்றை மறுபதிப்புச் செய்யலாமா என்ற கேள்விக்குக் கடைசியாக வருகிறேன். கிங் செய்யவில்லை. தானே வெளியிடுவதில் கூச்சம் என்று சொல்ல முடியாது. ஃபில்ட்ரம் பிரஸ் என்று சொந்தப் பதிப்பகம் வைத்து 1982 முதல் கிறிஸ்துமஸ் வாழ்த்துக்குப் பதிலாக ஒரு நாவலைத் துண்டு துண்டாக நண்பர்களுக்கு அனுப்பினார். 2000-ல் அதே நாவலை இணையத்தில் தவணை தவணையாக, காசை மனசாட்சிப்படி போடுங்கள் என்று விற்றார். ஆறு தவணையோடு நின்றுவிட்டது. ஆக, தானே அச்சடித்துத் தானே விற்கிற அரிப்பு ஐம்பது தாண்டியும் இருந்தது. எட்டுக் கதைகளை மட்டும் வெளியே விடவில்லை.

ஒன்று மட்டும் வேறு வழியாகத் தப்பித்தது. அந்த ரோபோக் கதையை விரித்து எழுதி, பன்னிரண்டு பதின்மூன்று வயதில் ஃபாரஸ்ட் அக்கர்மன் என்பவருடைய இதழுக்கு அனுப்பியிருந்தார். பதினோரு வயதில் அம்மா கிறிஸ்துமஸுக்கு வாங்கித் தந்த ராயல் தட்டச்சு இயந்திரத்தில் அடித்தது. அக்கர்மன் போடவில்லை, ஆனால் தூக்கியும் எறியவில்லை. எதையும் தூக்கி எறியாத பிறவி அவர். பல வருடம் கழித்து லாஸ் ஏஞ்சலஸில் ஒரு புத்தகக் கடையில் கிங் கையெழுத்துப் போட்டுக்கொண்டிருந்தபோது, வரிசையில் நின்று, அந்தத் தாள்களை நீட்டிக் கையெழுத்துக் கேட்டார். 1994-ல் தன் இதழில் வெளியிட்டும்விட்டார்.

நான் மறுபதிப்புக்கு எதிரி. நகலைப் படித்துவிட்டு எதிரி என்று சொல்வது எவ்வளவு யோக்கியம் என்று நீங்கள் சொல்வதற்குள் நானே சொல்லிவிட்டேன். அவருடைய பன்னிரண்டு வயது அவருடையது.

மார்ச் 23

பரண் ஏறினேன். இடுப்புக்கு நல்லதல்ல. என் தொடரின் மூன்றாம் பிரதி அகப்பட்டது, நான்கு அத்தியாயம். உட்கார்ந்து படித்தேன். ஓர் அடைப்புக்குறிகூட இல்லை. எல்லாரும் 'ஐயோ' என்று அலறுகிறார்கள், ஒவ்வொரு 'ஐயோ'வுக்கும் மூன்று ஆச்சரியக்குறி. ஐந்தாம் பக்கத்தில் பேய்க்கு இரண்டு கால் இருக்கிறது, ஏழாம் பக்கத்தில் இல்லை. ஆசிரியர் சிரித்ததில் தப்பே இல்லை.

தங்கைக்குத் தொலைபேசியில் வாசித்துக் காட்டினேன். நடுவிலேயே நிறுத்தச் சொல்லிவிட்டாள்.

"அண்ணா, இது இல்லை அந்தக் கதை. அந்தப் பேய் ரொம்ப நல்ல பேய்."

அவளிடம் ஐந்தாம் பிரதி இருக்கிறதாம், பட்டுப்புடவைப் பெட்டியில். அனுப்பு என்றேன். நகல் எடுத்து அனுப்புகிறேன், ஆனால் நகலில் ஒன்றும் விழாது என்றாள்.